அசையாமல் படுத்திரு

உடை மாற்றும் அறையின் தரை ஈரமாக இருந்தது.

பெரிதாக ஒன்றுமில்லை, உள்ளங்கையில் அள்ளும் ஒரு சிரங்கைத் தண்ணீர் இருக்கும். ஆனால் அந்த ஈரத்துக்கு ஓர் ஒழுங்கு இருந்தது. ஒரு முழுப் பாதம், பக்கத்தில் நீளமாக இழுபட்ட கோடு. மறுபடி ஒரு முழுப் பாதம், மறுபடி ஒரு கோடு. உட்காரப் போட்டிருந்த வாங்குக்குக் கீழே, சுவரோரமாக, நகத்தளவு வெண்பனி இன்னும் கரையாமல் கிடந்தது. வெளியே மூன்று நாளாக மூடுபனிதான். இந்தக் கார்த்திகையில் சுவிஸின் டீட்டிகோன் பக்கம் வெண்பனி இன்னும் விழவேயில்லை.

முன்னால் வந்த நோயாளி மலைப்பக்கத்து ஆளாக இருக்கும் என்று தயாபரன் தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். மலையிலிருந்து பனியோடு வந்திருப்பார், அவருக்கும் காலில் வருத்தம், இழுத்து நடந்திருப்பார். எல்லாவற்றுக்கும் ஒரு காரணம் இருக்கத்தானே செய்யும். காலடிகள் நடைபாதைக் கதவிலிருந்து வந்திருந்தன. உள்கதவுக்கும் போகவில்லை, திரும்பியும் போகவில்லை. அதற்கு அவன் காரணம் தேடவில்லை.

அறை என்று சொன்னாலும் அது ஒரு பெட்டிதான். ஒரு கதவு ஆட்கள் காத்திருக்கும் நடைபாதைக்கு, மற்றது ஸ்கான் இயந்திரம் இருக்கும் பக்கத்துக்கு. நடுவே ஒரு வாங்கு, ஒரு கண்ணாடி, இரண்டு கொளுக்கிகள். கை துடைக்கும் மருந்தின் மணமும் சூடாக்கியில் காய்ந்த தூசியின் மணமும் இருந்தன. அவற்றுக்கு அடியில் இன்னொன்று, நனைந்த கம்பளியும் ஊறிய சருகும் மரப்பிசினும் சேர்ந்த ஒரு மணம், வந்தும் போயும் கொண்டிருந்தது. முப்பது வருடமாக அந்த மணம் வருகிற இடங்களுக்கு அவன் போவதில்லை. பிள்ளைகள் காட்டுக்குள் நடக்கப் போகும் ஞாயிற்றுக்கிழமைகளில் அவனுக்கு எப்போதும் வேலை இருக்கும்.

ஜக்கெற்றைக் கழற்றிக் கொளுக்கியில் மாட்டினான். கைப்பையை வாங்கில் வைத்தான். மகள் ரிஷானி அனுப்பிய குரல் பதிவைப் போனில் மறுபடி போட்டுக் கேட்டான். வீட்டுக்கு வந்திருந்த விளக்கத் தாளை அவள் ஜெர்மனில் வாசித்துத் தமிழில் சொல்லியிருந்தாள்.

"அப்பா, ஒண்டும் நோகாது. ஊசி போடேல்லை, அதால சாப்பிட்டிட்டே போகலாம். பெல்ட், மணிக்கூடு, சங்கிலி எல்லாம் கழட்டோணும். மேசையில படுத்தா அது தன்பாட்டில உள்ளுக்குப் போகும். குகை மாதிரி இல்லை, ஒரு வளையம்தான், பயப்பிடாதேங்கோ. படம் எடுக்கேக்க அசையாமல் படுத்திருங்கோ, அவ்வளவுதான். பத்து நிமிசமும் வராது. கதிர் கொஞ்சம் இருக்கு, அதாலதான் எடுக்கிற ஆக்கள் வெளியில நிண்டு கண்ணாடிக்குள்ளால பாப்பினம். உடம்புக்குள்ள இரும்பு இருந்தாக் கட்டாயம் சொல்லச் சொல்லிக் கிடக்கு. அது படத்தில கீறுகீறா வெளிச்சம் அடிச்சு எலும்பை மறைக்குமாம். உங்கட தொடையில தகடு இருக்கெல்லோ, மறக்காமல் எழுதுங்கோ. ஒண்டையும் மறைக்காதேங்கோ."

போனை ஜக்கெற் பைக்குள் போட்டான். பாவம் அவள். அவன் தொடையில் தகடு எதுவும் இல்லை.

தகடு நித்தியானந்தனின் தொடையில் இருந்தது. சண்டையில் செல் குண்டு பட்டு இடது தொடை எலும்பு முறிந்ததும் யாழ்ப்பாண ஆஸ்பத்திரியில் ஒரு தகடும் ஆறு ஆணிகளும் வைத்துக் கட்டினார்கள். அதற்கு ஒரு கடிதமும் கொடுத்தார்கள். அந்தக் கடிதமும் பிறப்புச் சான்றிதழும் நித்தியானந்தனின் ஜக்கெற் உள்துணிக்குள் தைத்திருந்தன. அவனும் தயாபரனும் களவாக எல்லை கடத்திவிடும் ஒரே ஏஜென்சியில் வந்தவர்கள். உக்ரேன் எல்லைக் காட்டில், முழங்கால் அளவு வெண்பனியில், வழிகாட்டி முன்னே போய்க்கொண்டிருக்க, குளிர் அந்தத் தகட்டில் ஏறி நித்தியானந்தனின் கால் விறைத்துப் போனது. ஒரு மரத்தடியில் சரிந்து விழுந்தான். ஜக்கெற்றைத் தயாபரன்தான் கழற்றினான். கைகளை ஒவ்வொன்றாகப் பிடித்து, பிள்ளைக்குச் சட்டை கழற்றுவதுபோலக் கழற்றினான். நித்தியானந்தன் தடுக்கவில்லை. உதவிக்குத்தான் கழற்றுகிறான் என்று நினைத்திருப்பான்.

"அசையாமல் படுத்திரு மச்சான். ஆக்களைக் கூட்டிக்கொண்டு இப்ப வாறன்."

தயாபரன் போனான். வரவில்லை.

சுவிஸில் அகதியாகப் பதியும்போது நித்தியானந்தன் என்று பதிந்தான். காயம் பட்டவனின் கேஸ் பலமான கேஸ். இன்டர்வியூவுக்கு முதல் வாரம் அகதி முகாமின் குளியலறையில் போத்தல் கண்ணாடியால் இடது தொடையில் நீளமாக ஒரு கீறு கீறிக்கொண்டான். அது ஆறித் தழும்பானபோது அவனே அதை நம்பத் தொடங்கியிருந்தான். இன்டர்வியூவில் சொன்னதைச் சாகும்வரை மாற்றக்கூடாது என்பது முகாமில் இருந்த எல்லோருக்கும் மனப்பாடம். அவனும் மாற்றவில்லை. பல் வைத்தியர் கொடுத்த படிவத்திலும் குடும்ப வைத்தியரின் பதிவிலும் வேலை செய்யும் களஞ்சியத்தின் காப்புறுதித் தாளிலும் இடது தொடை, தகடு, ஆறு ஆணி என்றே இருக்கிறது. அந்தப் பெயரில்தான் கடவுச்சீட்டு. பிள்ளைகளின் பெயருக்குப் பின்னால் நிற்பதும் அந்தப் பெயர்தான். மனைவி சிவகலாவுக்குப் பாதி தெரியும், பெயர் வேறொருவருடையது என்று. அந்த ஒருவர் எங்கே என்று அவள் ஒருநாளும் கேட்டதில்லை. தயாபரன் என்று கூப்பிட இருந்த ஒரே ஆள் அவனுடைய அம்மா. அவவும் போய்விட்டா.

இடுப்பு நோவு தாங்க முடியாமல் போனதால்தான் இன்றைக்கு இங்கே வந்திருக்கிறான். அரை மணித்தியாலத்துக்கு முதல், வரவேற்பு மேசையில் கொடுத்த படிவத்தில் உடம்பில் உலோகம் உண்டா என்ற கேள்விக்கு அவன் கை பழக்கத்தில் 'ஆம்' என்று குறித்தது. கை எழுதி முடித்த பிறகுதான் புத்தி வந்து சேர்ந்தது. இந்த இயந்திரம் கடிதத்தைப் பார்க்காது, தழும்பையும் பார்க்காது. நேரே எலும்பைப் பார்க்கும். தகடு இல்லாத எலும்பைப் படம் எடுத்துக் கணினியில் போடும். வைத்தியர் கேட்பார், தகடு எங்கே என்று. பிறகு யார் யார் கேட்பார்களோ. மகளின் கடவுச்சீட்டுவரை போய் நிற்கும்.

உள்கதவு திறந்தது.

"ஹெர் நித்தியானந்தன்?"

இளம் பெண், நீலச் சட்டை, களைத்த புன்னகை. இன்றைக்கு அவன்தான் கடைசி ஆள் என்றாள். அவனைத் தாண்டி அறைக்குள் எட்டிப் பார்த்தாள்.

"கூட வந்தவர் நடைபாதையில் இருக்கட்டும்," என்றாள் ஜெர்மனில். "கதிர் இருக்கிற இடம்."

"நான் தனியாத்தான் வந்தனான்," என்று அவன் தன் உடைந்த ஜெர்மனில் சொன்னான். அவள் தோளை அசைத்துவிட்டு, அவனை உள்ளே விட்டுக் கதவைச் சாத்தினாள்.

இயந்திரம் ரிஷானி சொன்னபடியே வளையம்தான். வெள்ளை வளையம், நடுவில் ஒடுங்கிய மேசை. மேற்கூரையில் கோடைவானம் அச்சிட்ட விளக்குப் பலகை. முழங்காலுக்குக் கீழே ஒரு மெத்தைத் துண்டு வைத்தாள், மேலே ஒரு போர்வை போட்டாள், கைகளை நெஞ்சில் மடித்து வைக்கச் சொன்னாள். "அசைய வேண்டாம். சாதாரணமாக மூச்சு விடுங்கள்." கனத்த கதவு மூடியது. கண்ணாடிக்கு அப்பால் அவள் முகம் திரையின் வெளிச்சத்தில் மிதந்தது.

மேசை நகர்ந்தது. வளையத்துக்குள் ஏதோ சுழலத் தொடங்கி, தூரத்து ரயில்போல இரைந்து, உயர்ந்து, பிறகு தணிந்தது. நோகவில்லை. ஒன்றுமே செய்யவில்லை. அதுதான் பயமாக இருந்தது. ஒரு சொல்லும் கேட்காமல் ஒரு பொய்யும் சொல்ல விடாமல் அது அவனுக்குள் பார்த்துக்கொண்டிருந்தது. அவன் கண்களை மூடி நல்லூர் முருகனை நினைக்கப் பார்த்தான். முருகனிடம் எந்தப் பெயரைச் சொல்வது என்ற யோசனையில் அதுவும் முடியவில்லை.

கதவு திறந்தது. வந்துவிட்டாள். கேட்கப் போகிறாள்.

"நன்றாகப் பொருந்தியிருக்கிறது," என்றாள் அவள்.

"எது?"

"உங்கள் தகடு. பழைய வேலை, ஆனால் ஆறு ஆணிகளும் அசையவில்லை." போர்வையைச் சரி செய்தாள். "அதன் வெளிச்சம் இடுப்பு எலும்பில் விழுகிறது. இன்னொரு முறை எடுப்போம். அசையாமல் இருங்கள்."

ஒரு நொடி, ஒரேயொரு நொடி, அவனுக்கு ஆறுதலாக இருந்தது. தப்பிவிட்டோம். யாரும் கேட்கமாட்டார்கள். கடவுச்சீட்டு, பிள்ளைகள், எல்லாம் பத்திரம். அதற்குப் பிறகுதான் அவள் சொன்னது உள்ளே இறங்கியது.

இல்லாத தகடு.

போர்வைக்குள் வலது கையை விட்டு இடது தொடையைத் தொட்டான். தழும்பு இருந்தது. அழுத்தினான். தழும்புக்கு அடியில், சதைக்கு அடியில், கெட்டியாக, நேராக, ஒரு விளிம்பு. விரல் அதன் மேல் ஏறி இறங்கியது. ஒரு குமிழ். இன்னொன்று. மூன்று. நான்கு. அவன் எண்ணுவதை நிறுத்தினான்.

அது குளிர்ந்திருந்தது. குளிர் அங்கிருந்துதான் கிளம்பியது, எலும்பு வழியாக முழங்காலுக்கும் இடுப்புக்கும். மேசை மறுபடி நகர்ந்தது. இரைச்சல் எழுந்தது. அந்த இரைச்சலுக்குள், உடை மாற்றும் அறைப் பக்கமிருந்து, வேறொரு சத்தம் கேட்டது.

ஓர் அடி. ஓர் இழுவை.

ஓர் அடி. ஓர் இழுவை.

பிறகு இழுவை நின்றது. அடிகள் மட்டும் கேட்டன. இரண்டு கால்களும் சரியாக ஊன்றிய, சுகமான அடிகள்.

பிசின் மணம் அறை முழுக்க ஏறியது. தயாபரன் எழுந்திருக்கப் பார்த்தான். இடது கால் வரவில்லை. பிறகு வலதும் வரவில்லை. நெஞ்சில் வைத்த கை விறைத்துக் கிடந்தது. தலையை மட்டும் மெல்லத் திருப்ப முடிந்தது, கண்ணாடிப் பக்கம்.

இயந்திரத்தின் ஒலிபெருக்கி கரகரத்தது. ஜெர்மனில் ஏதோ வரும் என்று காத்திருந்தான்.

"அசையாமல் படுத்திரு மச்சான்."

மெல்லிய குரல். கோபமே இல்லாத குரல்.

"ஆக்களைக் கூட்டிக்கொண்டு இப்ப வாறன்."

கண்ணாடிக்கு அப்பால் ஓர் ஆண் நின்றுகொண்டிருந்தான். தயாபரனின் ஜக்கெற்றைப் போட்டுக்கொண்டிருந்தான். ஒவ்வொரு கையாக, அவசரமில்லாமல். உள்பக்கத்துத் துணியை விரலால் ஒருதரம் தடவிப் பார்த்தான். தயாபரனின் கைப்பை அவன் தோளில். முகம் நிழலில் இருந்தது.

கத்த வேண்டும். கத்தினால் அந்தப் பெண் திரும்பிப் பார்ப்பாள். என்னவென்று கத்துவது? நான்தான் நித்தியானந்தன் என்றா? அது அவன். அப்படியானால் மற்றப் பெயரைச் சொல்ல வேண்டும். முப்பது வருடமாக யாருக்கும் சொல்லாததை. உதட்டைப் பிரித்தான். த என்ற எழுத்துக்கே நாக்கு அசையவில்லை.

போன் அடித்தது. சிவகலா அடிக்கும்போது வரும் சத்தம். ஜக்கெற் பைக்குள் அடித்தது. அந்த ஆள் எடுத்தான். ஒலிபெருக்கி இன்னும் திறந்தே இருந்தது.

"இஞ்சாருங்கோ, முடிஞ்சுதோ? பிள்ளை கேக்கிறாள்."

"ஓம்," என்றான் அவன், தயாபரனின் குரலில். "முடிஞ்சுது. இப்ப வாறன்."

அந்தப் பெண் திரும்பிப் பார்த்துப் புன்னகைத்து விடை கொடுத்தாள். "ஆதே, ஹெர் நித்தியானந்தன். நல்ல மாலை." அவனுக்குக் கதவைத் திறந்துவிட்டாள். மேசைப் பக்கம் ஒருதரம் பார்த்தாள். வெறும் மேசையைப் பார்ப்பதுபோல.

விளக்கை அணைத்தாள்.

அடிகள் தூரத்தில். கதவு. இன்னொரு கதவு.

கண்ணாடிக்கு அப்பால் திரை மட்டும் அணையவில்லை. அதில் ஒரு தொடை எலும்பு. தகடு. ஆறு ஆணிகள். வெள்ளை வெளேரென்று.

குளிர்.

அசையவில்லை. முடியவில்லை. காத்திருந்தான். வருவதாகச் சொல்லியிருக்கிறான்.

மேலே, கோடைவானம் இருந்த இருட்டிலிருந்து, ஒரு வெண்பனித் துகள் சுழன்று சுழன்று இறங்கி அவன் கீழுதட்டில் விழுந்தது.

கரையவில்லை.