நாலு மணிப் பதிவு

மாலை 5.10.

பள்ளிக்கூடம் விட்டு வந்த டீச்சர் அப்பாவின் அறைக் கதவைத் தள்ளினாள். மேசையின் முன் நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்தார். தலை மட்டும் பின்னால் சாய்ந்திருந்தது. கண்கள் திறந்திருந்தன. சோபாவில் இருக்க வேண்டிய திண்டு அவர் காலடியில் கிடந்தது.

"அப்பா" என்று இரண்டு முறை கூப்பிட்டாள். மூன்றாம் முறை குரல் வரவில்லை.

இறந்தவர் சாமானியர் இல்லை. மீசை முளைக்குமுன் கப்பல் ஏறி, முப்பத்தெட்டு வருஷம் உப்புக்காற்றில் ஊறி, அட்மிரலாக இறங்கியவர். இறங்கியவர் என்பதே பொய் என்று வீட்டில் கேலி செய்வார்கள். நாலு மணி நேரத்துக்கு ஒரு தடவை சுவரில் தொங்கும் காற்றழுத்தமானியைத் தட்டிப் பார்த்து, நேரத்தையும் அளவையும் பதிவேட்டில் எழுதுவார். இந்த வீடு ஆடவும் போவதில்லை, மூழ்கவும் போவதில்லை. இருந்தாலும் ஒரு வேளை தவறியதில்லை.

6.30.

இன்ஸ்பெக்டர் அம்மா குட்டையான பெண்மணி. அதட்டமாட்டார். அதனாலேயே எதிரில் இருப்பவர்களுக்கு உதறல் எடுக்கும்.

"மூச்சு முட்டிச் செத்திருக்கார். திண்டாலதான். ரெண்டு மணியிலிருந்து அஞ்சு மணிக்குள்ளன்னு டாக்டர் சொல்றார். ஆனா உங்கப்பா நமக்கு வேலையைக் குறைச்சுட்டுப் போயிருக்காரு" என்று பதிவேட்டைப் புரட்டினார். "கடைசிப் பதிவு 1600. சாயங்காலம் நாலு. அப்போ உயிரோட இருந்திருக்கார்."

டீச்சர் தலையாட்டினாள். அந்தப் புத்தகத்தைப் பார்க்கவே அவளுக்குத் தைரியம் இல்லை.

"ஒண்ணு கேக்கணும். முதல்ல 14ன்னு எழுதி, அதை அடிச்சிட்டு 1600ன்னு போட்டிருக்கு. பக்கத்துல கொக்கி மாதிரி ஒரு கிறுக்கல். அது என்ன?"

"கப்பல் வழக்கம்ங்க. பதிவேட்டில எதையும் அழிக்கவோ மெழுகவோ கூடாது. ஒரே ஒரு கோடு போட்டு, திருத்தினவங்க பக்கத்துல இனிஷியல் வைக்கணும். சின்ன வயசுல என் வீட்டுப்பாடத்தையே அப்படித்தான் திருத்தச் சொல்வார்."

"யார் யார் வந்தாங்க இன்னிக்கு?"

வாசல் காவலாளியின் நோட்டு தெளிவாக இருந்தது. இரண்டு மணிக்குக் கமாண்டர் மாமா வந்தார். அப்பாவோடு ஒரே கப்பலில் இருந்தவர், டீச்சரைத் தோளில் தூக்கி வளர்த்தவர். 2.45க்குக் கிளம்பிவிட்டார். மூன்றிலிருந்து ஆறு வரை கிளப்பில் சீட்டாடியதற்கு நாலு பேர் சாட்சி. அதற்குப் பிறகு, டீச்சர் வரும்வரை, உள்ளே வந்தது ஒரே ஒருவர். 4.10க்கு உள்ளே, 4.20க்கு வெளியே.

டீச்சரின் கணவர்.

அவர் கண்ணாடிக் கடை வைத்திருப்பவர். எறும்பு மேல் கால் படாமல் நடக்கிற மனிதர். இன்ஸ்பெக்டர் எதிரில் அவர் நெற்றியெல்லாம் வேர்த்திருந்தது.

"எத்தனை மணிக்கு வீட்டுக்கு வந்தீங்க?"

"அஞ்சே காலுக்கு. கடையை அடைச்சிட்டு நேரா வந்தேன்."

"நாலு பத்துக்கு?"

அவர் கைக்குட்டையை எடுத்து நெற்றியைத் துடைத்தார்.

"காலையில மாமனாரோட சண்டையாமே?"

"சண்டைன்னு இல்லைங்க. பழைய கப்பல் விபத்தைப் பத்தி யாருக்கோ லெட்டர் எழுதப் போறேன்னார். எதுக்கு இப்போ, உங்க பேர் நாறிடும்னு சொன்னேன். கொஞ்சம் குரல் உசந்துடுச்சு."

அந்தக் கடிதம் மேசையில் இல்லை. எங்கேயும் இல்லை.

பதினோரு வருஷமாகத் தன் பக்கத்தில் படுத்திருப்பவர் பொய் சொல்கிறார். எதற்கு? கேட்கலாம். கேட்டு, அவர் ஆமாம் என்று சொல்லிவிட்டால்?

கமாண்டர் மாமா வந்து அவள் தலையைத் தடவிக் கொடுத்தார். "நான் இருக்கேன்மா, பயப்படாத." பிறகு காதோரம் குனிந்து, "உன் வீட்டுக்காரர் மேல ஒரு கண் வச்சுக்க" என்றார்.

இதற்கு மேல் பயப்பட அவளிடம் தெம்பு இல்லை என்று நினைத்தாள். இருந்தது.

மறுநாள் காலை 11.00. காவல் நிலையம்.

டீச்சர், கணவர், மாமா மூவரும் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். கணவர் காபி வாங்கி வந்து கொடுத்தார். டீச்சர் அதை வாயில் வைக்கவில்லை. அதை அவர் பார்த்ததையும் அவள் பார்த்தாள்.

இன்ஸ்பெக்டர் மாமாவிடம் தட்டச்சு செய்த தாளை நீட்டினார். "உங்க வாக்குமூலம் சார். படிச்சுப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்க."

மாமா மூக்குக் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு படித்தார். "மூணு மணிக்குக் கிளம்பினேன்னு இருக்கே. ரெண்டே முக்கால்தாம்மா."

"அடடா, எங்க ஆளுங்களைச் சொல்லணும். நீங்களே திருத்திடுங்க சார்."

மாமா பேனாவை எடுத்தார். மூன்றின் மேல் நேராக ஒரே ஒரு கோடு. மேலே 2.45. கை நிற்கவில்லை; பக்கத்தில் சின்னதாக ஒரு கொக்கி வளைத்துவிட்டுத்தான் ஓய்ந்தது.

இன்ஸ்பெக்டர் பதிவேட்டைத் திறந்து அந்தத் தாளின் பக்கத்தில் வைத்தார். இரண்டு கொக்கிகளும் அச்சு அசலாக ஒன்றுபோல் இருந்தன.

"அட்மிரல் திருத்தின இடங்களையெல்லாம் ராத்திரி உக்காந்து பார்த்தேன். அவர் இனிஷியல் வேற. ரெண்டு கோபுரம் மாதிரி இருக்கும். இந்தக் கொக்கி மொத்தப் புத்தகத்துலயும் ஒரே இடத்துலதான். அந்த 14தான் என்னை உறுத்திச்சு சார். நாலு மணிக்கு எழுதறவர் கைக்கு 14 எப்படி வரும்? கப்பல் கணக்குல 14ன்னா மதியம் ரெண்டு; ரெண்டே சொச்சத்துக்கு எழுதினா வரும். அவரைக் கொன்னுட்டு, நாலு மணி வரைக்கும் உயிரோட இருந்த மாதிரி காட்ட நினைச்சீங்க. கை பழக்கத்துல உண்மையான நேரத்தை ஆரம்பிச்சிடுச்சு. அதைத் திருத்தினதும், அதே பழக்கத்துல உங்க இனிஷியலையும் வச்சிடுச்சு. வெறும் எண்ணுதானே, கையெழுத்து யாருக்குத் தெரியும்னு விட்டுட்டீங்க."

மாமா பேனாவை மெல்ல மூடினார்.

"எஞ்சின் அறையில தீ. ஒன்பது பேர் உள்ள இருக்காங்கன்னு பார்க்காம, தீயணைக்க மூச்சடைக்கிற வாயுவைத் திறக்கச் சொன்னது நான்" என்றார். குரல் தேய்ந்துபோயிருந்தது. "பதிவேட்டை மாத்தி எழுதி என்னைக் காப்பாத்தினது அவன். அந்தப் பொய்யை வச்சுத்தான் அவன் அட்மிரல் ஆனான், நான் கமாண்டர் ஆனேன். இப்போ சாகறதுக்கு முன்னாடி ஒன்பது குடும்பத்துக்கும் எழுதணும்னான். கெஞ்சினேன்மா. கால்ல விழுந்தேன். லெட்டரை உறையில போட்டு ஒட்டிட்டான்."

அவரை உள்ளே கூட்டிப் போனார்கள். போகும்போது அவர் டீச்சரைத் திரும்பிப் பார்க்கவில்லை.

இன்ஸ்பெக்டர் கணவர் பக்கம் திரும்பினார். "நீங்க ஏன் சார் பொய் சொன்னீங்க?"

"மன்னிப்புக் கேக்கத்தான் போனேன். அவர் அந்தக் கோலத்துல இருந்தார். காலையில போட்ட சத்தம் தெருவுக்கே கேட்டிருக்கும். பயந்து ஓடிட்டேன்." கணவர் நிலத்தைப் பார்த்தபடியே சொன்னார். "இவகிட்ட சொல்லியிருக்கணும். இவ கேட்பான்னு காத்திருந்தேன்."

வெளியே வந்தார்கள். வெயிலில் கண் கூசியது. டீச்சருக்கு ஓவென்று அழ வேண்டும் போலிருந்தது. அவர் கொலைகாரர் இல்லை. அது ஒன்று போதும் என்று மனசு அடித்துக்கொண்டது.

கடைசிப் படியில் அவளுக்குக் கால் தடுமாறியது. அவர் சட்டென்று தாங்கக் கை நீட்டினார்.

அவள் உடம்பு தானாகவே பின்னால் ஒதுங்கியது.

"ஐயோ, இல்லைங்க, நான் வேணும்னு..." என்று பதறினாள்.

அவர் கையை மெதுவாக இறக்கிக்கொண்டார்.

"பரவாயில்ல. நீ நிழல்ல நில்லு" என்றார். "நான் போய் வண்டியை எடுத்துட்டு வரேன்."