நீச்சல் பை

அந்தப் பள்ளியின் வரவேற்பறையில் நாற்காலிகள்கூட மிடுக்காகத்தான் இருந்தன. அம்மாக்காரி மகள் சிட்டுவை மடியில் இருத்தி, ஒரு விளிம்பில் ஒட்டி உட்கார்ந்திருந்தாள். பெரிய இடத்துப் பிள்ளைகள் படிக்கும் பள்ளி. இரண்டு வருடமாக நுழைவுத் தேர்வில் சிட்டுவைக் கழித்துக் கட்டியிருந்தார்கள். வீட்டில் வாய் ஓயாதவள், வெளியாள் முன்னால் ஒரு வார்த்தை பேசமாட்டாள். இனி வயது தாண்டிவிடும்.

"இந்தத் தடவையும் விட்டா அவ்வளவுதான்," என்று கணவன் காலையிலிருந்தே புலம்பிக்கொண்டிருந்தான்.

வழி சொன்னவன் பள்ளி வேனோட்டி. அக்கா படித்த பள்ளியில் தங்கைக்குத் தேர்வே கிடையாதாம். சிட்டுவுக்கு ஏது அக்கா? ஆனால் சில வருடங்களுக்கு முன் பள்ளியின் நீச்சல் குளத்தில் ஒரு சிறுமி மூழ்கிப்போனாள். வெளிநாட்டில் இருந்த பெற்றோர் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. தலைமையாசிரியையோ புதியவர்.

"செத்த புள்ள வந்து கேக்கவா போகுது?" என்றான் வேனோட்டி.

உள்ளே கூப்பிட்டதும் அம்மாக்காரி சொல்லிவிட்டாள். "குளத்துல போனது என் மூத்த பொண்ணு, மேடம்."

கண்ணீரும் வந்தது. நிஜக் கண்ணீர்தான், இடம் கிடைக்காதோ என்ற பயத்தில் வந்தது.

தலைமையாசிரியை நெகிழ்ந்துபோனார். இடம் உறுதி என்றார். பிறகு அலமாரியைத் திறந்து ஒரு நீலப் பையை எடுத்தார்.

"அவளோட நீச்சல் பை. பெத்தவங்க வந்து வாங்கிக்கிற வரைக்கும் பிள்ளைங்க சாமானை வெளிய போடறதில்லை, அது இங்க வழக்கம். வாங்கிக்கங்க."

வேண்டாம் என்று எந்தத் தாய் சொல்வாள்? கையை நீட்டினாள்.

பை ஈரமாக இருந்தது.

வீட்டுக்கு வந்ததும் பையிலிருந்த துண்டை மாடி வெயிலில் காயப்போட்டாள். அது காயவே இல்லை. நீச்சல் குளத்தில் போடும் குளோரின் மருந்தின் வாடை வீடெல்லாம் பரவியது. சாயங்காலம் குளியலறைக்குள் சிட்டு சிரிக்கும் சத்தம் கேட்டது.

"யாருகூடடி பேசறே?"

"அக்காகூட."

உள்ளே சிட்டு மட்டும்தான் இருந்தாள். ஈரக் காலடிகள் மட்டும் இரண்டு ஜோடி.

விடிந்ததும் சிட்டு இருமத் தொடங்கினாள். ஒவ்வொரு இருமலுக்கும் வாயிலிருந்து தண்ணீர் வந்தது. அதே வாடை. நெஞ்சு சுத்தமாக இருக்கிறது என்று டாக்டர் அனுப்பிவிட்டார். குழந்தையைக் கணவனிடம் விட்டுவிட்டு, பையைத் தூக்கிக்கொண்டு அம்மாக்காரி பள்ளிக்கு ஓடினாள்.

"பொய் சொல்லிட்டேன், மேடம். அவ என் பொண்ணு இல்ல. இடமே வேண்டாம், இதைத் திருப்பி வாங்கிக்கங்க."

தலைமையாசிரியை கோபப்படவில்லை. அவர் பார்வை அவளைத் தாண்டிப் போனது.

"சின்னவளையும் கூட்டிட்டு வந்தீங்களா?"

"இல்லையே. வீட்டுல அவங்கப்பாகூட இருக்கா."

தலைமையாசிரியையின் முகம் வெளுத்தது.

புடவை முந்தானை பின்னால் கனத்தது. அதிலிருந்து தண்ணீர் சொட்டும் சத்தம் கேட்டது.

"நீங்கதானே வந்து வாங்கிக்கிட்டீங்க," என்றது முதுகுக்குப் பின்னால் ஒரு சின்னக் குரல். "மறுபடியும் விட்டுட்டுப் போகாதீங்கம்மா."

கைப்பேசி அடித்தது. கணவன்.

"சிட்டுக்கு மூச்சே வரல. உதடெல்லாம் நீலமாயிடுச்சு. நான் என்ன செய்யட்டும், சொல்லேன்."

அம்மாக்காரிக்கு அழக்கூடத் தெம்பில்லை. திரும்பிப் பார்க்கவும் துணிவில்லை. கையை மட்டும் பின்னால் நீட்டினாள்.

"வா கண்ணு. வீட்டுக்குப் போலாம்."

குளிர்ந்த, ஊறிச் சுருங்கிய விரல்கள் அவள் உள்ளங்கைக்குள் நுழைந்தன.

கைப்பேசியில் நீண்ட மூச்சு ஒன்று கேட்டது. பிறகு சிட்டுவின் குரல், தெளிவாக, சந்தோஷமாக.

"அம்மா, அக்கா கையை விட்டுடாதே."