குடைக்காரர்களின் கண்காட்சி

மூக்குக்கண்ணாடியில் ஊதிய மூச்சு மறையவில்லை. கழற்றுவது, இரண்டு தரம் ஊதுவது, சட்டை ஓரத்தால் துடைப்பது என்பது தையல்காரிக்கு அன்றாடப் பழக்கம். அன்றைக்குத் துடைத்த பிறகும் வெள்ளையாக ஒரு படலம் அப்படியே நின்றது. நகத்தால் சுரண்டினால் மாவாக உதிர்ந்தது. மழை விட்ட பிறகு மரத்தடியில் எழும்புமே, அந்த வாடை அடித்தது.

“லென்ஸ் பழசாயிடுச்சு குட்டி. உடம்பு தேறட்டும், மாத்திக்கலாம்,” என்றாள் அக்கா.

அக்கா சொன்னால் சரியாகத்தான் இருக்கும். இருமல் விடவில்லை என்று கேள்விப்பட்டதும் தங்கையின் தையல் கடையைப் பூட்ட வைத்து, தன் வீட்டு மாடியறைக்குக் கூட்டிவந்து, உள்ளங்கையில் வைத்துத் தாங்குகிறவள் அவள். தினமும் ஆவி பறக்கும் வெந்நீரைக் கொண்டுவந்து, கொஞ்சம் ஆறியதும் மருந்துப்பொடியைத் தூவுவாள். ரொம்பச் சூடாக இருந்தால் பொடியின் வீரியம் போய்விடுமாம். தங்கையின் தலையோடு போர்வையைப் போர்த்தி, “ஆழமா இழு,” என்று முதுகைத் தடவிக்கொடுப்பாள். பெற்றவள்கூட இப்படிப் பார்த்துக்கொண்டதில்லை.

கீழ்த்தளம் முழுக்க அக்காவின் கூட்டாளிகள். சாயமும் தூரிகையும் செத்த பொருள், உயிருள்ள காளானை வளர்த்துப் படைப்பதுதான் கலை என்று சொல்லிக்கொண்டு திரிகிற கூட்டம். ஊர் அவர்களைக் குடைக்காரர்கள் என்று கிண்டலடித்தது. அவர்களும் வெட்கமில்லாமல் அதையே பெயராக வைத்துக்கொண்டார்கள். உடைந்த நாற்காலி, பழைய கோட்டு, கதவு நிலை என்று எது கிடைத்தாலும் வித்துத்தூளைத் தூவி, தீனி போட்டு, கையைக் கட்டிக்கொண்டு காத்திருப்பார்கள். அக்கா தூவியது மட்டும் எதிலும் பிடித்ததில்லை. வருடக்கணக்காக அவள் மற்றவர்களுக்குத் தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். இந்தத் தடவைதான் அவர்கள் நடத்தும் கண்காட்சியில் முதன்முறையாக அவள் படைப்புக்கும் இடம். எதில் வளர்த்தாய் என்று கேட்டால், “பாக்கத்தானே போற, பொறு,” என்று சிரித்தாள். தங்கைக்கு உண்மையிலேயே சந்தோஷமாக இருந்தது.

கண்காட்சியன்று மதியம் ஆவி பிடித்தவள் அப்படியே தூங்கிவிட்டாள். விழித்தபோது இருட்டத் தொடங்கியிருந்தது. கூரைத் தகரத்தில் மழை விழும் சத்தமும், கீழே கோப்பைகள் உரசும் சத்தமும், யாரோ தொண்டையைச் செருமும் சத்தமும் ஒன்றாகக் கலந்து வர, ஊறிப்போன மரத்தின் வாடை அறைக்குள் எங்கிருந்தோ, மிகக் கிட்டத்திலிருந்து எழுந்துகொண்டிருந்தது. கீழே போய் அக்காவின் படைப்பைப் பார்க்கவேண்டும் என்று நினைத்தாள். அப்போது கதவுக்கு வெளியே பேச்சுக் கேட்டது.

“சம்மதம் வாங்கியாச்சா? நமக்கு அது முக்கியம்.” எல்லோரும் பெரிய குடை என்று அழைக்கும் தலைவரின் குரல் அது.

“நான்னா அவளுக்கு உயிரு,” என்றாள் அக்கா. “கேட்டா மாட்டேன்னு சொல்லவே மாட்டா. அதனால கேக்கல.”

தலைவர் மற்றவர்களை மேலே வரச் சொல்லிக் குரல் கொடுத்தார்.

தங்கைக்கு எல்லாம் புரிந்துபோயிற்று. பயம் பிறகுதான் வந்தது. முதலில் வந்தது வலி. முதுகைத் தடவிய அந்தக் கை. ஆழமா இழு என்ற அந்தக் குரல். பாவி, ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே.

எழ வேண்டும். கதவைத் தாழிட வேண்டும். கால் வரவில்லை. போர்வையை விலக்கினாள்.

குதிகாலிலிருந்து மெத்தைக்கு வெள்ளை நூல்கள் ஓடியிருந்தன. நெருக்கமாக. தையல் போட்டதுபோல. பிடித்து இழுத்தாள். அறுந்தது. வலிக்கவில்லை. அறுந்த இடம் மெல்ல மூடிக்கொண்டது.

கதவு திறந்தது. விளக்கு எரிந்தது. வரிசையாக உள்ளே வந்தார்கள். யாரும் அவள் கண்ணைப் பார்க்கவில்லை. கழுத்தைப் பார்த்தார்கள். கழுத்தில் ஏதோ விரிந்துகொண்டிருந்தது.

அக்கா என்று கூப்பிட வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை. தூள் வந்தது. வெள்ளையாக. மூச்சுக்கு மூச்சு.

தலைவர் முதலில் குனிந்தார். கண்ணை மூடி, பூவை முகர்வதுபோல ஆழமாக இழுத்தார். அடுத்தவர் குனிந்தார். அதற்கடுத்தவர். கூப்பிடக் கூப்பிட அவர்கள் இழுத்துக்கொண்டே இருந்தார்கள். அக்கா மட்டும் கதவோரம் நின்றாள். கண்ணில் ஆனந்தக் கண்ணீர். மூக்கையும் வாயையும் இரண்டு கைகளாலும் இறுகப் பொத்தியிருந்தாள்.