மலையம்மாளின் கைநாட்டு

வேரோடு பிடுங்கிய ஒரு மிளகாய்ச் செடியை வக்கீல் லூர்துராஜின் மேஜைமேல் போட்டாள் மலையம்மாள். செடி கருகிச் சுருண்டிருந்தது. குமாஸ்தா கிறிஸ்துராஜ் அவசரமாகக் காகிதங்களை ஒதுக்கினார்.

"பாருங்கய்யா. ஒன்றரைக் குறுக்க நெலமும் இப்படித்தான் நிக்குது!"

கொட்டாம்பட்டிக்குப் பக்கத்து ஊர்க்காரி அவள். கிணற்றுக் கமலை இழுத்த இரண்டு மாடுகளையும் விற்று, மதுரையில் பம்பு எஞ்சின் கடை வைத்திருந்த சோணைமுத்துவிடம் இருநூற்றைம்பது ரூபாய் முன்பணம் கட்டியிருந்தாள். பங்குனிக்குள் வருவதாகச் சொன்ன எஞ்சின் வரவே இல்லை. கிணற்றில் தண்ணீர் கிடந்தது. இறைக்க மாடும் இல்லை, எஞ்சினும் இல்லை. பணத்தைத் திரும்பக் கேட்டு லூர்துராஜ் முனிசீப் கோர்ட்டில் தாவா போட்டிருந்தார். அதற்குச் சோணைமுத்துவின் பதில் இன்றுதான் வந்திருந்தது.

சரக்கைக் கொடுத்தாகிவிட்டதாம். அத்தாட்சியாக ஒரு ரசீது: மே பதினாலாம் தேதி மலையம்மாள் தானே மதுரைக்கு வந்து எஞ்சினைப் பெற்று, முத்திருளன் வண்டியில் ஏற்றிப் போனாள். கீழே அவள் கைநாட்டு. பக்கத்தில் சாட்சியாக வண்டிக்காரன் கைநாட்டு.

கிறிஸ்துராஜ் பூதக்கண்ணாடியை வைத்து ரேகை ரேகையாகப் பார்த்தார். பொய்க் கைநாட்டு என்று சொல்ல ஆசைதான். ஆனால் அது அவளுடையதேதான்.

"பணம் கட்டுன அன்னைக்கு ரெண்டு தாள்ல வெரல உருட்டச் சொன்னான். ஒண்ணு வெத்துத்தாளு. படிச்ச மனுசன்னு நம்புனேன், பாவிப்பய!"

கிறிஸ்துராஜ் பூதக்கண்ணாடியை மேஜைமேல் ஓங்கி வைத்தார். எழுதத் தெரியாதவளின் விரலைத் திருடியவனை என்ன செய்தால் தகும்? லூர்துராஜோ நிதானமாகத் தன் மூக்குக் கண்ணாடியைத் துடைத்தார்.

"மே பதினாலு அன்று எங்கே இருந்தீர்கள் அம்மா?"

"மேயாவது ஒண்ணாவது! எனக்கு இங்கிலீசு தேதியெல்லாம் தெரியாதுங்க."

"சரி. எஞ்சின் எங்கே என்று அவனிடம் கேட்கப் போனது எப்போது?"

"ஆத்தாளுக்குச் சித்திரை கடைசிச் செவ்வா காப்புக் கட்டுனாங்க. நான் முளைப்பாரி போட்டிருந்தேன். அடுத்த வாரம் புதன் கரைச்சோம். மறுநாளே போயி அவன் கடைவாசல்ல நின்னேன். காப்புக் கட்டிட்டா ஊர் எல்லையத் தாண்டக் கூடாதுல்ல? இல்லாட்டி முன்னமே போயிருப்பேன்."

"முத்திருளனும் உங்கள் ஊரா?"

"எங்க ஊர்தேன். இந்த வருசம் தீச்சட்டி எடுத்தவனே அவன்தேன்."

லூர்துராஜ் சுவரிலிருந்த காலண்டரை ஒரு பார்வை பார்த்தார். "விசாரணையன்று கோயில் பூசாரியையும் ஊர்க்காரர் நாலு பேரையும் அழைத்து வாருங்கள்" என்றார். கைநாட்டு வழக்கில் பூசாரிக்கு என்ன வேலை என்று கிறிஸ்துராஜ் எரிச்சலோடு நினைத்தார். மலையம்மாள் செடியை எடுத்து மடியில் கட்டிக்கொண்டு கிளம்பினாள்.

விசாரணையன்று முத்திருளன் கூண்டேறி, கண் இமைக்காமல் சத்தியப்பிரமாணம் செய்தான். சோணைமுத்து முன்வரிசையில் வெற்றிலையைக் குதப்பிக்கொண்டு சிரித்தபடி இருந்தான்.

"ரசீதில் உள்ள மே பதினாலாம் தேதி, மலையம்மாளை ஏற்றிக்கொண்டு ஊரிலிருந்து மதுரைக்கு வண்டி ஓட்டினாய். அப்படித்தானே?" என்றார் லூர்துராஜ்.

"ஆமாங்க."

"சந்தேகமே இல்லையே?"

"இல்லீங்க. நாந்தேன் ஓட்டுனேன்."

லூர்துராஜ் காலண்டரை முனிசீப்பிடம் நீட்டினார். "மே பதினாலு வெள்ளிக்கிழமை. முந்தின செவ்வாய்தான் சித்திரையின் கடைசிச் செவ்வாய். அப்படியானால் முத்திருளா, அது உங்கள் ஊரில் காப்புக் கட்டிய நாலாம் நாள். தீச்சட்டிக்குக் காப்புக் கட்டிய கையோடு நீ எல்லை தாண்டியிருக்கிறாய். பூசாரி பின்னால்தான் நிற்கிறார். அவர் முகத்தைப் பார்த்து, தாண்டினேன் என்று சொல்."

முத்திருளன் திரும்பிப் பார்த்தான். பூசாரியை நோக்கிக் கையெடுத்துக் கும்பிட்டான்.

"ஆத்தா சத்தியமா நான் தாண்டலைங்க! கடைக்காரருதேன் பத்து ரூவாயக் குடுத்து வெரல வைக்கச் சொன்னாரு. எந்த நாளுன்னு எனக்கு எப்படித் தெரியும்? இங்கிலீசுலயில்ல எழுதியிருந்துச்சு!"

சோணைமுத்து வெற்றிலையை மெல்வதை நிறுத்தினான். முன்பணம், வட்டி, கோர்ட்டுச் செலவு எல்லாம் சேர்த்து மலையம்மாளுக்குத் தீர்ப்பானது.

"சார், என்னிடமாவது முன்பே சொல்லியிருக்கலாமே!" என்று குதித்தார் கிறிஸ்துராஜ்.

"சொல்லியிருந்தால் உம் முகத்தைப் பார்த்தே சோணைமுத்து உஷாராகியிருப்பான். கோர்ட்டுச் சத்தியத்துக்கு முத்திருளன் பயப்பட மாட்டான் என்று தெரியும். ஊருக்கும் ஆத்தாளுக்கும் பயப்படுவான். அந்த ஊரின் காப்பு நாள் சோணைமுத்துவுக்குத் தெரியாது. வாய்க்கு வந்த தேதியை எழுதிவிட்டான்."

கிறிஸ்துராஜ் வெற்றிக் களிப்போடு மலையம்மாளைத் தேடினார். அவள் சிரிக்கவில்லை. மடியிலிருந்து அந்தக் கருகிய செடியை எடுத்துக்கொண்டு நேரே சோணைமுத்துவிடம் போனாள். அவன் மடிமேல் அதை வீசினாள்.

"மாட்டு வெலை வந்துரும். என் வெள்ளாமை வருமாடா? இந்தா, இதையும் வாங்கிக்கிட்டேன்னு எழுதி, உன் வெரலை வையி!"