அக்காவின் செப்புத் தகடு

“அவ தங்கச்சியா நீ?”

ஏழாம் வகுப்புக் கணக்கு வாத்தியார் என்னைப் பார்த்து இப்படிக் கேட்டார். வகுப்பே சிரித்தது. கரும்பலகையில் கணக்கைப் போடத் தெரியாமல் சுண்ணக்கட்டியோடு நின்றிருந்தேன். மறுநாள் முதல் நான் பள்ளிக்குப் போகவில்லை. அக்கா போனாள். படித்து முடித்து, உலகுகளுக்கு இடையே ஓடும் கப்பல் ஒன்றில் கணிதராக ஏறினாள். அந்தக் கப்பல் தொலைந்தே போனது.

இனியாவது அம்மா என் பக்கம் திரும்புவாள் என்று நினைத்தேன்.

அளவைக் கூடத்தில் தகடு துடைப்பது என் வேலை. எங்கள் கப்பல்கள் நெருப்பால் ஓடுவதில்லை, நெருக்கத்தால் ஓடுகின்றன. அதற்கு ‘ஒவ்வாத் தூரத் தேற்றம்’ என்று பெயர். இங்கிருந்து அங்கே எவ்வளவு தூரமோ, அங்கிருந்து இங்கே அவ்வளவு தூரம் இல்லை. கரையில் இருப்பவர் மனது போனவரை எவ்வளவு இறுக்கிப் பிடித்திருக்கிறதோ, அவ்வளவுக்குத் தூரம் சுருங்கும்.

அதனால் கப்பலேறும் ஒவ்வொருவரும் ஒரு செப்புத் தகட்டில் உள்ளங்கையைப் பதித்துவிட்டுப் போவார்கள். வீட்டார் அதன்மேல் கை வைத்தால் அதிலுள்ள முள் நகர்ந்து தூரம் காட்டும். காதம், கூப்பிடு தூரம், முழம், சாண், விரல். போனவர் இறந்துவிட்டால் முள் படுத்துவிடும். நூறு நாள் எழாவிட்டால் தகட்டை உருக்கிவிடுவார்கள்.

நூறாம் நாள் காலையில், வழக்கம்போல வெறுங்கை படாமல் எலுமிச்சைத் தோலால் அக்காவின் தகட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். அம்மா வந்தாள். கூடத்து அளவரை எல்லோரும் சோடாபுட்டி என்பார்கள். கண்ணாடி அத்தனை தடிமன்.

“கடைசியா ஒரு தடவை வெச்சுப் பாத்துடுங்கம்மா,” என்றார்.

தகட்டின் திருகு தளர்ந்திருந்தது. ஆடாமல் இருக்க நான் ஓரத்தைப் பிடித்துக்கொண்டேன். ஒரு தகட்டை ஒருவர் மட்டுமே தொட வேண்டும் என்பது கூடத்தின் முதல் விதி. ஆனால் துடைக்கிறவள் கையை யார் கணக்கில் எடுப்பார்கள்?

முள் எழுந்தது.

நாற்பது காதம்.

“என் பொண்ணு வர்றா! பாத்தீங்களா, என் பொண்ணு வர்றா!” அம்மா அழுதுகொண்டே சிரித்தாள்.

அவளுடைய இன்னொரு பெண் எதிரிலேயே நின்றுகொண்டிருந்தாள்.

“படுத்த முள்ளு எழுந்து நான் பாத்ததே இல்ல,” என்று சோடாபுட்டி முணுமுணுத்தார்.

தினமும் அம்மா வந்து கை வைத்தாள், நான் ஓரம் பிடித்தேன். முப்பது காதம். பன்னிரண்டு. மூன்று. வீட்டில் அக்காவின் கட்டிலை விரித்து, என் போர்வையை உருவி அதன்மேல் மடித்து வைத்தாள் அம்மா.

“அவளுக்குக் குளிரும்டி. நீ பாயில படுத்துக்கோ.”

பாயில் படுத்தேன். பாத்திரம் துலக்கும்போதும் அக்கா நினைப்புதான், கண்ணை மூடினாலும் அக்கா நினைப்புதான். அவளுடைய சடை. அவளுடைய கையெழுத்து. அவளைக் கூப்பிடும்போது மட்டும் அம்மாவின் குரலில் ஏறுகிற இனிப்பு.

முள் கூப்பிடு தூரம் காட்டிய அன்று மத்தியானம், அம்மா வாசலில் நின்று கத்திக் கூப்பிட்டாள். வெயிலில் தெரு காலியாகக் கிடந்தது.

பதில் வந்தது.

அம்மாவுக்குக் கேட்கவில்லை. என் காதுக்குள் மட்டும், மிகச் சன்னமாக.

“ம்.”

ஒன்பது முழத்தில், மாடிப்படியில் ஈரக்கால் ஏறி இறங்கும் சத்தம். ஆறு முழத்தில், கருகிய இரும்பின் வாடை. அக்கா கட்டிலில் அந்த வாடை இல்லை. என் பாயில் இருந்தது.

“அம்மா, வேணாம்மா. விட்டுடு. உயிரோட இருக்கறவங்க இப்படி வர மாட்டாங்க.”

“பொறாமைடி உனக்கு. சின்னதுலேருந்தே.”

“ஆமாம்மா,” என்றேன்.

மறுநாள் காலை கூடத்துக்குப் போனபோது சோடாபுட்டி திருகை இறுக்கி வைத்திருந்தார்.

“கையை எடும்மா. இனிமே ஆடாது.”

எடுத்தேன்.

முள் படுத்துவிட்டது.

அம்மா அழுத்திப் பார்த்தாள். இரண்டு கைகளையும் வைத்தாள். குனிந்து நெற்றியை வைத்தாள். முள் அசையவில்லை. சோடாபுட்டி மெதுவாக என் பக்கம் திரும்பினார்.

“நீ வை.”

ஒரு சாண்.

“முள்ளுக்குப் பாசம் எது, வயித்தெரிச்சல் எதுன்னு தெரியாதும்மா,” என்றார் அம்மாவிடம். “யாரு விடாம பிடிச்சிருக்காங்களோ, அவங்ககிட்டதான் வரும்.”

“நூறு நாளா அழுதேனே!”

“நீங்க அழுது தீத்துட்டீங்க. இவ தீக்கல.”

என் பிடரியில் சில்லென்று ஏதோ பட்டது. தகட்டிலிருந்து கையை இழுத்துக்கொண்டேன்.

முள் நிற்கவில்லை.

யாரும் தொடாத தகட்டில் நகர்ந்துகொண்டே இருந்தது. நான்கு விரல். இரண்டு. ஒன்று.

சோடாபுட்டி சுவரோடு ஒட்டிக்கொண்டார்.

“எங்கடி நிக்கறா?” அம்மா கிசுகிசுத்தாள்.

“எனக்குப் பின்னால.”

அம்மா பாய்ந்து வந்தாள். அக்காவின் ஈர முடி என் தோளில் விழுந்து கிடந்தது. கழுத்துவழியே நீர் வழிந்தது. அம்மாவின் விரல்கள் அந்த முடிக்குள் புகுந்து, வெறும் காற்றைத் துழாவித் திரும்பின. திரும்பத் திரும்பத் துழாவினாள். விரல்கள் நனையக்கூட இல்லை.

“ஒரு வார்த்தை பேசச் சொல்லுடி. அம்மாகிட்ட ஒரே ஒரு வார்த்தை.”

அக்கா பேசவில்லை. பின்னாலிருந்து என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

அம்மா கைகளை இறக்கினாள். பிறகு என்னைப் பார்த்தாள். வாழ்நாளில் முதல் தடவையாக என்னை மட்டும், முழுசாக, கண் எடுக்காமல் பார்த்தாள். இந்தப் பார்வைக்குத்தான் இத்தனை வருடம் காத்திருந்தேன். ஆனால் அந்தக் கண்களில் இருந்தது என்னவென்று எனக்கு உடனே தெரிந்தது. அது என்னைவிட நன்றாக யாருக்குத் தெரியும்? எனக்குக் கிடைத்திருப்பது தனக்குக் கிடைக்கவில்லையே என்று எரிகிற கண்கள்.

அம்மாவைக் கூப்பிட வாயைத் திறந்தேன். குளிர்ந்த உள்ளங்கை ஒன்று என் வாயை மென்மையாக மூடியது.

அம்மா செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கிப் போனாள்.