விலக்குவில்லை

நிலவின் மறுபக்கத்தில் இருக்கும் மறுகரை என்ற ஊரில், மாலைமணி அடித்ததும் வீட்டுச் சாமான்களை இடம் மாற்றிப் போடுவார்கள். மேசையைக் கொஞ்சம் தள்ளுவார்கள், நாற்காலியைத் திருப்புவார்கள், தண்ணீர்க் குடத்தை நேற்று இல்லாத மூலைக்குக் கொண்டுபோவார்கள். எல்லா வீட்டிலும் அல்ல, வான்பார்வையாளர் வேலைக்குப் போகிறவர்கள் இருக்கும் வீடுகளில் மட்டும். மாற்ற மறந்துவிட்டால் வேலை முடிந்து வருகிறவர் மேசையில் போய் முட்டிக்கொள்வார். யாருக்காவது முழங்கால் கன்றியிருந்தால், கடைத்தெருவில் அதற்கு ‘லென்ஸ்காரன் முட்டி’ என்று பெயர்.

அதியன் வீட்டில் இந்த வேலை அவன் மனைவி இளவெயினியுடையது. கல்யாணமான புதிதில் அவள் அதை ஒரு விளையாட்டாகவே செய்தாள். ஒரு நாள் நாற்காலி தலைகீழாகக் கிடக்கும். இன்னொரு நாள் செம்பு கட்டிலின்மேல் அமர்ந்திருக்கும். சன்னலோரத்து இருக்கை மட்டும் சுவரோடு சேர்த்து வார்த்தது, அதை அசைக்க முடியாது. அவன் வரும் வழி அங்கிருந்துதான் தெரியும் என்பதால், அவள் காத்திருப்பதும் அங்கேதான்.

மறுகரைக்குக் குடிதண்ணீர் வால்மீன்களிலிருந்து வருகிறது. வெகுதூரத்தில் இருக்கும்போதே ஒன்றைக் கண்டுபிடித்தால்தான் இழுவைக்கலம் போய் அதன் பனியை வெட்டி வர முடியும். ஆனால் அந்தத் தூரத்தில் வால்மீனுக்கு வால் இருக்காது. ஒரு துணுக்குப் பஞ்சு மாதிரி மங்கலாகத் தெரியும், அவ்வளவுதான். வானத்தில் அப்படிப்பட்ட பஞ்சுத் துணுக்குகளுக்குக் குறைவே இல்லை. விண்மீன் கொத்துகள், விண்முகில்கள், தொலைதூரக் கேலக்ஸிகள் என்று எங்கும் இறைந்து கிடக்கின்றன. ஒருமுறை இயந்திரத்தின் பேச்சைக் கேட்டுப் புறப்பட்ட கலம் வெறுங்கையோடு திரும்பி, ஊர் தாகத்தில் தவித்ததிலிருந்து, மனிதக் கண் பார்த்து ஒப்பினால்தான் கலம் கிளம்பும் என்று விதி.

பயிற்சியின் முதல் நாளில் எல்லோருக்கும் சார்ல் மெசியே என்ற பழைய பாரிஸ்காரரின் கதையைச் சொல்வார்கள். பல நூற்றாண்டுகளுக்கு முன் வால்மீன் தேடியே வாழ்ந்த மனிதர். தேடும்போது குறுக்கே வந்து ஏமாற்றிய நகராத மங்கல்களையெல்லாம் அவர் பட்டியல் போட்டு வைத்தார். அது பார்க்க வேண்டாதவற்றின் பட்டியல். அவர் கண்ட வால்மீன்கள் எவை என்று கேட்டால் இன்று யாருக்கும் சட்டென்று சொல்லத் தெரியாது. வேண்டாம் என்று ஒதுக்கிய பட்டியலை வைத்துத்தான் உலகம் அவரை நினைவில் வைத்திருக்கிறது. இதைக் கேட்டு அதியனும் அன்று எல்லோரோடும் சேர்ந்து சிரித்தான்.

அந்தப் பட்டியலைத்தான் இப்போது கண்ணிலேயே பதித்துக்கொள்கிறார்கள். அதன் அலுவலகப் பெயர் விலக்குவில்லை, ஊர் வழக்கில் லென்ஸ். அணிந்துகொண்டால் அறிந்த கொத்துகளும் முகில்களும் வானிலிருந்து அழிந்துபோகும். புதியது மட்டும் நிற்கும். லென்ஸ் தானாகவும் கற்றுக்கொள்ளும். ஒரே இடத்தில் ஒரே உருவில் அசையாமல் நாள்தோறும் தென்படும் எதையும் அது நிலைப்பொருள் என்று தீர்மானித்து, அந்த இடத்தைப் பின்னணியால் நிரப்பிவிடும். அது அசைந்தால் மறுபடி தெரியும்.

வேலை முடிந்ததும் லென்ஸைக் கழற்றிவிட வேண்டும் என்பது விதி. கழற்றி மாட்டினால் கண் பழகுவதற்கு நேரமாகிறது என்று பலரும் அப்படியே வீட்டுக்கு வந்துவிடுவார்கள். அதியன் தூங்கும்போது மட்டும் கழற்றினான். வீட்டுக்கு வந்தும் சாப்பிட்ட கையோடு கூரைச் சன்னலடியில் போய் நிற்பான். அதற்கு ஒரு காரணம் வைத்திருந்தான். வால்மீனைக் கண்டவரே அதற்குப் பெயர் வைக்கலாம். தாலி கட்டிய அன்று, தன் முதல் வால்மீனுக்கு அவள் பெயர்தான் என்று இளவெயினியின் காதில் சொல்லியிருந்தான். வருஷங்கள் ஓடியும் ஒன்றும் அகப்படவில்லை. தூத்துக்குடிக்குப் போய் அம்மா வீட்டில் சில மாதம் இருந்துவிட்டு வரட்டுமா என்று அவள் கேட்டபோதெல்லாம், வால்மீன் கிடைக்கட்டும், சேர்ந்தே போகலாம் என்று தள்ளிப்போட்டான். இந்த முறை அவளை அழைத்துப்போகவே அவள் அண்ணன் குட்டுவன் பூமியிலிருந்து வந்திருந்தான்.

குட்டுவன் வந்திறங்கிய அன்றுதான் அது கிடைத்தது. கன்னி ராசிப் பக்கம், கேலக்ஸிகள் மொய்த்துக் கிடக்கும் இடம். லென்ஸ் போட்ட கண்ணுக்கு அங்கே வெறும் இருட்டு. அந்த இருட்டில் ஒரு துணுக்கு, நேற்றிருந்த இடத்திலிருந்து நகர்ந்திருந்தது. மேலதிகாரி பார்த்து ஒப்பினார். என்ன பெயர் என்று கேட்டதற்கு, வீட்டில் சொல்லிவிட்டு வருகிறேன் என்று ஓடி வந்தான் அதியன்.

உள்ளே நுழைந்ததும் முழங்கால் மேசையில் முட்டியது. குட்டுவன் காப்பி டம்ளரோடு உட்கார்ந்திருந்தான்.

“மெதுவா மாப்ள. யாரு தொரத்துறாங்க?”

“கிடைச்சிருச்சு மச்சான். வெயினி எங்க?”

குட்டுவன் சிரித்தான். “எங்க போயிருவா? தேடுங்க, பாப்போம்.”

அதியன் அடுக்களையை எட்டிப் பார்த்தான். படுக்கையறையைப் பார்த்தான். இத்தனை வருஷம் நெஞ்சில் சுமந்த செய்தி, சொல்ல ஆளில்லாமல் வாய்க்குள்ளேயே கசந்தது. முழங்கால் வேறு வலித்தது.

“எப்பவும் இப்படித்தான் மச்சான். நான் வர்ற நேரத்துல ஒரு நாளாவது எனக்காகக் காத்திருந்திருக்காளா? அடுத்த வீட்லயெல்லாம் பொண்டாட்டி வாசலைப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பாங்க. இவளுக்கு அந்த நெனப்பே கிடையாது.”

குட்டுவனின் சிரிப்பு நின்றது. சன்னல் பக்கம் பார்த்தான், பிறகு அதியனைப் பார்த்தான்.

“வெளயாட்டு போதும் மாப்ள. புள்ள முகமே செத்துப்போச்சு.”

“எந்தப் புள்ள?”

சன்னலோரத்தில், வெறும் சுவராக இருந்த இடத்தில், ஒரு கை எழுந்தது. உள்ளங்கை முழுக்கப் பச்சை விழுது. மணிக்கட்டு கன்னத்தைத் துடைத்தது. கன்னம் வந்தது, பிறகு தோள், பிறகு மடி. கண் நிறைந்து இளவெயினி அங்கே உட்கார்ந்திருந்தாள். அண்ணன் கொண்டுவந்த மருதாணியை இரண்டு கையிலும் அப்பிக்கொண்டு, கலைந்துவிடக் கூடாதென்று முழங்கால்மேல் விரித்தபடி அசையாமல் இருந்திருக்கிறாள். அவன் ஓடி வருவதை அந்தச் சன்னல் வழியாகப் பார்த்திருக்கிறாள்.

அதியன் நின்ற இடத்திலேயே லென்ஸைக் கழற்றினான். ஒன்று தரையில் விழுந்தது. அதை அவன் எடுக்கவில்லை.

மாலையில் அவன் வரும்போதெல்லாம் அவள் கை சும்மா இருந்ததில்லை என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. டம்ளரில் கரண்டியைத் தட்டுவாள், முந்தானை நுனியைச் சுழற்றுவாள், வளையலை ஏற்றி இறக்குவாள். அந்தக் கையை வைத்துக்கொண்டு கொஞ்சம் சும்மா இருக்க மாட்டாயா, தலை வலிக்கிறது என்று ஒருநாள் கத்தியும் இருக்கிறான்.

“எப்பலேர்ந்து தெரியும்?” என்றான்.

“போன பொங்கலுக்கு முந்தி. என் எதுத்தாப்புல நின்னுக்கிட்டே வெயினி, வெயினின்னு கூப்பிட்டீங்க. கையை ஆட்டினேன். அட, இங்கதான் இருக்கியான்னீங்க.”

“சொல்லியிருக்கலாமேம்மா.”

“சொன்னா கழட்டிருப்பீங்க. என்னைப் பாக்கணும்னு உங்களுக்கே தோணிக் கழட்டணும்னு இருந்தேன்.”

குட்டுவன் எழுந்து போய் இன்னொரு டம்ளரில் காப்பி ஊற்றி வந்து அதியன் முன்னால் வைத்தான். அவன் திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது அதியனுக்கு. காப்பி ஆறி ஆடை கட்டும்வரை டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தான், நிமிர்ந்தால் இரண்டு முகங்களில் ஒன்றைப் பார்க்க வேண்டியிருக்கும்.

அலுவலகத்திலிருந்து மறுபடி அழைத்துப் பெயர் கேட்டார்கள். அவன் இளவெயினியைப் பார்த்தான்.

“என் பேரு வேண்டாங்க,” என்றாள் அவள். “ஓடுறதுக்குத்தானே நீங்கல்லாம் பேரு வைப்பீங்க. நான் ஓடலையே, இங்கயேதான் இருந்தேன்.”

பெயர் எதுவும் இல்லை, எண்ணையே பதிந்துகொள்ளுங்கள் என்று அவன் சொல்லிவிட்டான்.

அந்த வாரமே குட்டுவன் வந்த கலம் பூமிக்குத் திரும்பியது. இளவெயினியும் கிளம்பினாள். எப்போது வருவாய் என்று அவன் கேட்கவில்லை. போகாதே என்று சொல்லவும் வாய் வரவில்லை. எந்த முகத்தோடு சொல்வது? பெட்டியைத் தூக்கிக்கொண்டு துறைமுகக் கூடம்வரை கூட வந்தான்.

குட்டுவன் பயணச்சீட்டைக் காட்டப் போனபோது, இருவரும் கண்ணாடிச் சுவரோரம் ஒரு பெஞ்சில் உட்கார்ந்தார்கள். லென்ஸ் இல்லாத கண்ணால் அதியன் பல வருஷம் கழித்து வானத்தைப் பார்த்தான். கார்த்திகைக் கொத்து முழுதாக இருந்தது. அதற்குக் கீழே ஓரியன் விண்மீன் கூட்டத்தின் வாளில் விண்முகில் புகைந்தது. வடக்கே, பழைய பாரசீகத்து வானியலாளர் ஒருவர் சிறு மேகம் என்று குறித்துவைத்த ஆந்திரமேடா கேலக்ஸி. பார்க்க வேண்டாதவை என்று அவன் கழித்தவையெல்லாம் அந்தந்த இடத்திலேயே இருந்தன. எதுவும் கோபித்துக்கொண்டு போய்விடவில்லை. அதுவே அவனைத் தலைகுனிய வைத்தது.

“இங்க பாருங்க,” என்றாள் இளவெயினி. “நான் அசையாம உக்காந்திருக்கேன். தெரியறேனா?”

அவன் திரும்பிப் பார்த்தான். காதோரத்தில் ஒரு நரைமுடி. எப்போது வந்தது என்று அவனுக்குத் தெரியவில்லை.

“தெரியறே,” என்றான். “நல்லாத் தெரியறே வெயினி.”

அவள் தலையாட்டினாள். அவன் சொன்னதை நம்பினாள் என்றுதான் தோன்றியது. ஆனால் மடியில் கிடந்த மருதாணிச் சிவப்பு விரல்கள் முந்தானை நுனியைப் பிடித்துக்கொண்டு, அவளுக்கே தெரியாமல், சுழற்றிக்கொண்டே இருந்தன.