சாக்கைக் கல்

இப்போதெல்லாம் ஒருத்தன் நடுத்தெருவில் விழுந்தால் தூக்க ஆளில்லை. போனை எடுத்துப் படம் பிடிக்கத்தான் வருகிறார்கள். சாலை என்கிற கடைத்தெருவில் நான் மூட்டை சுமந்த காலத்தில் "கை" என்று ஒரு குரல் கேட்டால் போதும், குடிக்கிற சாயாவை வைத்துவிட்டு ஓடுவோம். தலையில் மூட்டை இருக்கிறவன் தானாக இறக்க முடியாது. இறக்கிக் கொடுத்தவனே திரும்ப ஏற்றியும் விட வேண்டும். அதைச் செய்யாதவன் பக்கத்தில் யாரும் சோறு தின்ன உட்கார மாட்டோம்.

பேய் பிசாசு என்று யார் சொன்னாலும் நம்புகிறவன் இல்லை நான். மகள் பூமாரிக்குக் கழுத்து நிமிரவில்லை என்று மருமகன் சொன்னதால்தான் அவர்கள் குடியிருக்கிற சாக்கைக்குப் போனேன். புது வீடு. குடிவந்த நாள்முதல் தலை குனிந்தேதான் இருக்கிறாள். ஸ்கேன் எடுத்தும் ஒன்றும் தெரியவில்லை.

வாசலில் ஏறும்போதே கால் நின்றுவிட்டது. படியாகப் போட்டிருந்த கல் நடுவில் குழிந்து வழவழவென்று இருந்தது. சுமைதாங்கிக் கல். மூட்டை இறங்கி ஏறித் தேய்ந்த கல்.

"இது எங்க கிடந்துது?"

"பழைய ரயில் ஸ்டேஷன இடிச்ச இடத்துல, மாமா," என்றான் மருமகன் ஜெயன். லாரி ஓட்டுகிறவன். "ஆருக்கும் வேண்டாம்னு கிடந்துது. ஏத்திக் கொண்டுவந்தேன்."

நகரத்துக்குள்ளே தம்பானூருக்குத் தண்டவாளம் போகும் முன்னால் ரயில் சாக்கையோடு நின்றுவிடுமாம். அங்கிருந்து சாலைக் கடைத்தெருவுக்குத் தலைச்சுமைதான். எனக்கு முந்தின சுமட்டுக்காரர்கள் சொல்லக் கேட்டது. இப்போது அங்கே ஒரு செங்கல்கூட மிச்சமில்லை.

பூமாரி சாயா கொண்டுவந்தாள். தரையைப் பார்த்தபடியே ரகசியமாகச் சொன்னாள்.

"அப்பா, அந்தியானா வாசல்ல ஒரு ஆள் கை கேக்கான். இவருக்கு ஒண்ணும் கேக்கலியாம்."

"காத்தா இருக்கும். போ பிள்ளே."

அந்திக்கு மழை பிடித்தது. கரண்டு போனது. வாய்க்கால் பக்கமிருந்து கரிப்புகை மணம் வந்தது. பிறகு நனைந்த சாக்கு. பிறகு வற்றல் மிளகாய்.

வாசலில் மூச்சுச் சத்தம்.

சுமைக்கு அடியில் நிற்கிறவனின் மூச்சு அது. வாழ்நாள் முழுக்க நான் விட்ட மூச்சு. எனக்குத் தெரியாதா?

"அண்ணாச்சி... ஒரு கை."

எட்டிப் பார்த்தேன். மழை மட்டும்தான்.

கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டேன். "களவாணிப் பயலுவ. எப்படியெல்லாம் வாரானுவ பாரு."

பின்னால் பூமாரி முனகினாள். அவள் தலை இன்னும் இறங்கியது. தாடை நெஞ்சில் முட்டி நின்றது.

"குடுங்கப்பா," என்றாள். "பாவம், தாங்க மாட்டாம நிக்கான்."

நான் கை கேட்டு ஒருத்தனும் கதவைச் சாத்தியதில்லை. சாத்தியவன் நான். அதுவும் பெற்ற பிள்ளையின் கண்முன்னால். மூஞ்சியை எங்கே வைத்துக்கொள்வது?

தாழ்ப்பாளை எடுத்தேன். வெறும் இருட்டுக்குள் இரண்டு கையையும் தூக்கிப் பிடித்தேன்.

கனம் வந்தது.

சாக்கின் சொரசொரப்பு. உள்ளே மிளகாய் நொறுங்கும் சத்தம். முழங்கால் மடங்க, மெல்ல இறக்கிக் கல்லில் வைத்தேன். பின்னால் கழுத்தெலும்பு சொடக்கிட்டது. பூமாரி நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தாள்.

உள்ளேயிருந்து ஜெயன் சிரித்தான். "மாமா, மழையப் பிடிச்சு வைக்கியளா?"

"வாதம். கை தானா தூக்குது."

பஸ்ஸுக்கு நேரமாச்சு என்று குடையை எடுத்துக்கொண்டு இறங்கினேன், கல்லில் மிதிக்காமல்.

"அண்ணாச்சி, ஏத்தி விடுங்க."

காற்று. காற்று இப்படித்தான் பேசும். நான் நிற்கவில்லை.

"அப்பா!" பூமாரி கூப்பிட்டாள். கரண்டு வந்து எரிந்த தெருவிளக்கடியில் போய்த்தான் திரும்பிப் பார்த்தேன். வாசலில் அவள் குனிந்து, எதையோ அடியில் கை கொடுத்துப் பிடித்துக்கொண்டு நின்றாள். "ஒத்தைக்கு முடியல. அந்தப் பக்கம் பிடிங்கப்பா."

அவள் கையில் ஒன்றுமில்லை. எனக்கென்ன கண் தெரியாதா?

நடந்தேன். வாய்க்கால் பாலத்தில் கண்ணைத் துடைத்தேன். மிளகாய்க் கை பட்டது போல எரிந்தது. சாரல் பட்டால் கண் எரியத்தான் செய்யும். வேறொன்றுமில்லை. பஸ் வருகிறதா என்று பார்த்தபடி நடந்தேன்.